கிரினா அத்தையின் கொக்கிக்காரன்

மோல்டைக் ஊரில் கிரினா மெஸுவைப் போல ஒரு பயந்தாங்கொள்ளி பிறந்ததும் இல்லை, இனிப் பிறக்கப்போவதும் இல்லை என்று அவள் தம்பி மரினூஸ் பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரிப்பான். அவன் சொன்னதில் பொய் இல்லை. அவளுக்கு வாத்தென்றால் பயம், இடியென்றால் பயம், கசாப்புக்காரர் வீட்டு நாயென்றால் பயம். தேவாலயத்துக் கோபுர ஏணியை அண்ணாந்து பார்த்தாலே தலை சுற்றும். எல்லாவற்றையும்விடத் தண்ணீருக்குப் பயம். ஸேலாண்டில், கடலைவிடத் தாழ்ந்து கிடக்கிற ஒரு தீவில், சுற்றிலும் கரை போட்டு வாழ்கிற ஜனங்களுக்கு நடுவில் பிறந்துவிட்டு ஒருத்தி தண்ணீருக்குப் பயந்தால் ஊர் சிரிக்காமல் என்ன செய்யும்?

பெரியம்மாவின் சாவுக்கு ஒரே ஒரு தடவை அக்கரைக்குப் படகேறினாள். போகும்போதும் வரும்போதும் ஒரு பெப்பர்மின்ட் மிட்டாயைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு கண்ணை மூடியே உட்கார்ந்திருந்தாள். அதற்குப் பிறகு அக்கரையில் யார் செத்தாலும் அவளுக்குத் தலைவலி வந்துவிடும். உறவுக்காரர்கள் முதலில் கோபித்துக்கொண்டார்கள், பிறகு அவளுக்குச் சொல்லி அனுப்புவதையே நிறுத்திவிட்டார்கள்.

அப்படிப்பட்டவளைத்தான் அந்தத் தீவு முழுக்கக் கதைக்காரி என்று கொண்டாடினார்கள். சின்னப் பிள்ளைகளை வைத்துப் பார்த்துக்கொள்கிற பள்ளியில் அவளுக்கு வேலை. மூக்கைத் துடைத்துவிடுவது, பின்னல் ஊசி பிடிக்கக் கற்றுக்கொடுப்பது, குளிரில் மரச்செருப்புக்குள் வைக்கோல் திணித்துக் கொடுப்பது. புதன்கிழமை மத்தியானம் பெரிய பள்ளிக்கூடத்துக்கும் விடுமுறை என்பதால் அன்றைக்குக் கதை கேட்க ஒரு கூட்டமே கூடிவிடும். அவள் வயதாகித் தன் கட்டிலிலேயே செத்துப்போனபோது, அவளிடம் கதை கேட்டு வளர்ந்தவர்கள் ரோட்டர்டாமிலிருந்தும் இன்னும் தூரத்திலிருந்தும் வந்தார்கள். நரைத்துப்போன ஆண்கள். அவர்களில் ஒருவர், இத்தனை வருஷம் நகரத்தில் இருந்தும் கால்வாய் ஓரமாக நடக்க மட்டும் மனசு வருவதில்லை, தெருவின் எதிர்ப்பக்கம் போய்விடுகிறேன் என்று வெட்கப்படாமல் சொன்னார். சுற்றி இருந்தவர்கள் யாரும் சிரிக்கவில்லை.

அவள் சொன்ன கதைகளில் அவர்கள் மறக்காத கதை ஒன்றுதான். கொக்கிக்காரன்.

கொக்கிக்காரன் எல்லா ஊரிலும் இருப்பவன்தான். வாய்க்காலுக்கு அடியில் குடியிருப்பான், கையில் நீளக் கொக்கி, கரையோரம் வருகிற பிள்ளையைக் காலில் மாட்டி இழுத்துக்கொள்வான். உருளைக்கிழங்கு சீவிக்கொண்டே, தலை நிமிராமல், எந்தத் தாயும் இதைச் சொல்லிவிடுவாள். அப்படிச் சொன்னால் எந்தப் பிள்ளை பயப்படும்? மோல்டைக்கில் சில வருஷத்துக்கு ஒரு தடவை ஒரு பிள்ளை வாய்க்காலில் போய்விடும். சித்திரை வெயில் பட்டதும் தண்ணீரின் மேல் பச்சைப் பாசி நெருக்கமாகப் படர்ந்துவிடும். பார்த்தால் புல்தரை என்றுதான் தோன்றும். ஓடி வருகிற மூன்று வயசுப் பிள்ளைக்கு எது தரை, எது தண்ணீர் என்று எப்படித் தெரியும்? தேவாலயத்துப் பின்பக்கம் சின்னச் சின்னக் கல்லறைகள் ஒரு வரிசையே இருந்தது.

கிரினா வேறு விதமாகச் செய்தாள். பாசி படர்ந்த முதல் வாரத்தில், தானாக ஓட ஆரம்பித்திருக்கிற பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வாய்க்காலுக்குப் போவாள். கரைக்கு ரொம்பத் தள்ளி உட்கார வைப்பாள். ஒரு செங்கல்லை எடுத்து அந்தப் பச்சையின் மேல் வீசுவாள். பச்சை வாயைத் திறந்து கல்லை விழுங்கிவிட்டு மறுபடி மூடிக்கொள்ளும். கல் எங்கே விழுந்தது என்று காட்டச் சொல்வாள். ஒரு பிள்ளையாலும் காட்ட முடியாது. அதற்குப் பிறகுதான் கதை. சத்தம் போடமாட்டாள், கண்ணை உருட்டமாட்டாள். தணிந்த குரலில் சொல்லிக்கொண்டே போவாள், சொல்லச் சொல்ல அவள் கை நடுங்கும். அது நடிப்பில்லை. அவ்வளவு பக்கத்தில் தண்ணீர் இருப்பதே அவளுக்கு உதறல். பெரியவர்கள் நடித்தால் பிள்ளைகளுக்குத் தெரிந்துவிடும். இவள் நடிக்கவில்லை என்பதும் தெரிந்துவிடும்.

வருஷா வருஷம் அம்மை குத்துவதைப் போல இது ஒரு வழக்கமாகிவிட்டது. "கிரினாக்கா, எங்க வீட்டுக் கடைக்குட்டி நடக்க ஆரம்பிச்சுட்டா. இந்தத் தடவை அவளையும் சேர்த்துக்குங்க" என்று தாய்மார்கள் வந்து சொல்லி வைப்பார்கள். பக்கத்து ஊர்களிலிருந்து சைக்கிளின் பின்னால் பிள்ளையை உட்கார வைத்துக்கொண்டு வருவார்கள். போதகர் மட்டும் ஒரு நாள் அவளைக் கூப்பிட்டு, வேதத்தில் இல்லாத பூதத்தைப் பிள்ளைகள் மனசில் ஏற்றுவது பாவம் என்று கண்டித்தார். தலையைக் குனிந்து சரி என்று கேட்டுக்கொண்டாள். அடுத்த புதன்கிழமை போதகரின் மனைவி தோட்டத்துப் பக்கமாக வந்து, தன் இரண்டு பிள்ளைகளையும் அவளிடம் விட்டுவிட்டு, வீட்டுக்காரருக்குத் தெரிய வேண்டாம் என்று கேட்டுக்கொண்டு போனாள்.

கிரினா கதை சொல்ல ஆரம்பித்ததிலிருந்து அந்தக் கல்லறை வரிசை நீளவே இல்லை. மோல்டைக்கில் நீந்தத் தெரிந்தவர்களும் இல்லாமல் போனார்கள், ஆனால் அதை யாரும் ஒரு குறையாக நினைக்கவில்லை.

மரினூஸ் அவளுக்கு நேர் எதிர். கரைப் பராமரிப்பு வேலையில் இருந்தான். புயல் வந்தால் கடல் ஊருக்குள் வராமல் துறைமுகத்து வழியில் தடுப்புப் பலகை இறக்குகிற ஆட்களில் அவன்தான் முதல் ஆள். பெரிய உடம்பு, பெரிய சிரிப்பு. "எனக்கு என்னக்கா பயம்?" என்பது அவன் வாயில் எந்நேரமும் இருக்கிற வார்த்தை. பல் பிடுங்கப் போகும்போதும் அதையேதான் சொன்னான். அவன் மனைவி, மகள் டேனாவைப் பெற்றுப்போட்டுவிட்டுக் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தபோது, கல்யாணம் ஆகாத கிரினா தன் தட்டுமுட்டுச் சாமான்களை ஒரு தள்ளுவண்டியில் போட்டுக்கொண்டு தம்பி வீட்டுக்கு வந்தாள். வயல்களுக்கு நடுவில் போட்டிருந்த உள்கரைக்குக் கீழே, தாழ்வான இடத்தில் இருந்த வீடு. முதல் ராத்திரியே, இந்த வீடு வேண்டாம், தேவாலயத்து மேட்டில் ஒன்று பார் என்று சொன்னாள். அவன் வழக்கம்போலச் சிரித்தான்.

டேனா சூட்டிகையான பிள்ளை. எதைச் சொன்னாலும் திருப்பிக் கேட்பாள். கொக்கிக்காரனுக்கு எத்தனை கொக்கி, தூங்கவே மாட்டானா, தண்ணீர் உறைந்துவிட்டால் எங்கே போவான் என்று ஒவ்வொன்றாகக் கேட்டுக் கதையில் இருந்த ஓட்டைகளையெல்லாம் கிரினாவை வைத்தே அடைக்க வைத்தவள் அவள்தான். அத்தையின் படுக்கையில்தான் தூக்கம். அத்தையின் கழுத்தில் கையைப் போட்டுக்கொள்ளாமல் கண் மூடமாட்டாள்.

டேனாவுக்கு ஐந்து வயசு நடந்த கோடையில் அந்தச் சமாசாரம் நடந்தது. ரொட்டிக்கடைக்காரரின் சின்ன மகளை அவளுடைய பெரியப்பா மகள்கள், கொக்கிக்காரனும் கிடையாது ஒன்றும் கிடையாது, கிரினாக்கா புளுகுகிறாள், ஆழமில்லை வா என்று கூப்பிட்டு வாய்க்காலுக்குள் இறக்கிவிட்டார்கள். அந்த வழியாக வந்த மரினூஸ் தலைமுடியைப் பிடித்து அவளை வெளியே இழுத்துப் போட்டான். நீலம் பாரித்துப்போயிருந்த பிள்ளை, ரொம்ப நேரம் கழித்துத்தான் அழுதது. அன்று சாயங்காலம் அவன் சட்டையைக் கூட மாற்றாமல் கிரினாவின் முன்னால் வந்து நின்றான்.

"உன் ஆளுக்குப் பல்லு கொட்டிப்போச்சுக்கா. கொஞ்சம் தீட்டிவிடு. நாளைக்கு எவனாவது என் பிள்ளையையும் வா வான்னு கூப்பிடுவான்."

கிரினா பல நாள் யோசித்தாள். அடுத்த புதன்கிழமை கொக்கிக்காரன் புதிதாக ஒன்று கற்றுக்கொண்டான். குரல். அவனுக்கு இப்போது எல்லாருடைய குரலும் வரும் என்று பிள்ளைகளிடம் சொன்னாள். அப்பா குரலில் கூப்பிடுவான், அம்மா குரலில் கூப்பிடுவான், ஏன், கிரினா அத்தையின் குரலிலும் கூப்பிடுவான். தண்ணீரிலிருந்து ஒரு குரல் வந்து, வா, ஆழமில்லை என்று சொன்னால் அது நம்ம ஆள் இல்லை. கொக்கிக்காரன் என்று ஒருத்தன் இல்லவே இல்லை என்று யாராவது சொன்னால், சொல்வதே அவன்தான். ஓடி வந்துவிட வேண்டும்.

ஒரு பையன் இருந்த இடத்திலேயே கால்சட்டையை நனைத்துவிட்டான். தாய்மார்களுக்கு ரொம்பத் திருப்தி. மரினூஸ் மதுக்கடையில் உட்கார்ந்து, எங்கள் அக்கா மூளையே மூளை என்று எல்லாருக்கும் ஒரு சுற்று ஜெனீவர் வாங்கிக் கொடுத்தான். கிரினாவுக்கு மட்டும் அன்றைக்குச் சாப்பாடு இறங்கவில்லை. திறக்கிற வழி வைக்காமல் ஒரு பூட்டைச் செய்துவிட்டோமோ என்று அவளுக்கு உறுத்தியது. பிறகு, பயம் அதிகமாக இருந்தால் என்ன கெட்டுப்போய்விடும் என்று தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டாள்.

அடுத்த பிப்ரவரி தொடங்குவதற்கு முந்தின நாள், ஒரு சனிக்கிழமை, வடமேற்கிலிருந்து காற்று பிய்த்துக்கொண்டு அடித்தது. தண்ணீர் இறங்க வேண்டிய நேரத்தில் துறைமுகத்தில் தண்ணீர் இறங்கவில்லை. கடைக்குப் போன கிரினா அதைப் பார்த்துவிட்டு வாங்கப் போனதை வாங்காமலே திரும்பி வந்தாள். வரும் வழியில் முயல்கள் தாழ்ந்த வயலை விட்டு மேடான சாலைக்கு வந்து உட்கார்ந்திருப்பதையும் பார்த்தாள். டேனாவைத் தூக்கிக்கொண்டு தேவாலயத்து மேட்டுக்குப் போய்விடலாம், அங்கே பள்ளிக்கூடத்தில் படுத்துக்கொள்ளலாம் என்று தம்பியிடம் கெஞ்சினாள். அவன் எண்ணெய்த் துணிச் சட்டையைப் போட்டுக்கொண்டே வாய்விட்டுச் சிரித்தான்.

"முயல் உக்காந்திருக்குன்னு ஊரைக் காலி பண்ணச் சொல்றியா? பலகை இறக்கிட்டு வந்துடறேன். பட்டாணி சூப்பை அடுப்புலயே வை."

டேனாவும் அப்பாவோடு சேர்ந்து சிரித்தாள். கிரினா பேசாமல் சூப்பை அடுப்பிலேயே வைத்தாள். அவள் வாழ்நாள் முழுக்க அவளை வருத்தியது அந்தப் பேசாமல் இருந்ததுதான். எல்லாவற்றுக்கும் பயப்படுகிறவளுக்கு இது ஒரு சங்கடம். உண்மையாகவே ஓநாய் வரும்போது, இது வழக்கமான பயம்தான் என்று அவளே தன்னை நம்பாமல் விட்டுவிடுகிறாள்.

விடிவதற்கு முன்னால் கரை உடைந்தது. தண்ணீர் கதவைத் தட்டவில்லை, கதவோடு உள்ளே வந்தது. கிரினா பிள்ளையை இழுத்துக்கொண்டு ஏணி ஏறிப் பரணுக்குப் போய்விட்டாள். வெளிச்சம் வந்தபோது ஏணியின் உச்சிப் படிகளைத் தவிர மற்றதெல்லாம் தண்ணீருக்குள் இருந்தது. கீழே நாற்காலிகள் மிதந்து பரணின் அடிப்பலகையில் மோதிக்கொண்டிருந்தன. பரணில் வெங்காயச் சரங்களும் கொஞ்சம் ஆப்பிளும் பழைய கோணிகளும்தான் இருந்தன. டேனாவைக் கோணிக்குள் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு, பக்கத்துத் தொழுவத்தில் மாடுகள் கத்துவதைக் கேட்டுக்கொண்டிருந்தாள். கொஞ்ச நேரத்தில் மாடுகள் கத்துவதை நிறுத்தின. எதிர்வீட்டுச் சுவர் ஒன்று சரிந்து விழுந்தது. அந்த வீட்டில் யார் யார் இருந்தார்கள் என்று நினைக்காமல் இருக்க முயன்றாள்.

"அத்தை, கொக்கிக்காரன் வீட்டுக்குள்ள வந்துட்டானா?" என்று டேனா கேட்டாள்.

வந்துவிட்டான் என்றுதான் கிரினாவுக்கும் தோன்றியது.

மத்தியானத்துக்கு முன்னால் தண்ணீர் கொஞ்சம் இறங்கியது. ஆனால் தீவில் பிறந்தவர்களுக்குச் சொல்லித்தரத் தேவையில்லை, இறங்கினது மறுபடி ஏறும். இந்தத் தடவை தடுக்கக் கரையும் இல்லை. சுவர்கள் ஏற்கனவே ஊறிப்போயிருந்தன. ஏணிப்படியை அவள் பார்த்துக்கொண்டே இருந்தாள். வெளியே தெரிந்த படிகளில் ஒன்று மறுபடி மறைந்தது. பிறகு அடுத்தது.

அப்போதுதான் வெளியே ஒரு குரல் கேட்டது.

"டேனா! கிரினாக்கா!"

வைக்கோல் ஏற்றுவதற்காகச் சுவர் முகட்டில் இருந்த மரக்கதவை அவள் தள்ளித் திறந்தாள். ராத்திரி திரும்பி வராத மரினூஸ் உயிரோடு இருந்தான். வாய்க்காலில் பாசி வாருகிற தட்டைப் படகு ஒன்றில், பன்றிக்கொட்டிலுக்கு அந்தப் பக்கம் இருந்த பேரிக்காய் மரத்தின் கிளையை இரண்டு கையாலும் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றான். கயிறு இல்லை. கையை விட்டால் படகை வெள்ளம் அடித்துக்கொண்டு போய்விடும். கிட்ட வரவும் வழியில்லை, உடைந்து வந்த கொட்டகை மரங்கள் நடுவில் சிக்கிக் கிடந்தன. ஒரே வழிதான் இருந்தது. கதவுக்கு நேர் கீழே பன்றிக்கொட்டிலின் தட்டைக் கூரை தண்ணீருக்குள் முங்கியிருந்தது. அதில் இறங்கி இடுப்பளவுத் தண்ணீரில் அந்த முனை வரைக்கும் நடந்தால் படகு. கூரை தாங்குமா என்பது யாருக்கும் தெரியாது.

"டேனா! வாடா கண்ணு, வா! ஆழமில்ல, அப்பாகிட்ட வா!"

அந்த வார்த்தை காதில் விழுந்ததும் டேனா கிரினாவின் கையை உதறிவிட்டுப் பரணின் கடைசி மூலைக்கு ஓடினாள். அங்கே கூரையைத் தாங்குகிற உத்திரத்தை இரண்டு கையாலும் இரண்டு காலாலும் கட்டிக்கொண்டாள். முகத்தில் ஒரு சொட்டு ரத்தமில்லை. அழவும் இல்லை. பயந்த பிள்ளை அழுதால் சமாதானப்படுத்தலாம், இவள் அதையெல்லாம் தாண்டிப் போயிருந்தாள்.

கிரினா விரலைப் பிரிக்கப் பார்த்தாள். டேனா கடித்தாள். தூக்கப் பார்த்தாள். ஆறு வயசுப் பிள்ளைக்கு அவ்வளவு பலம் எங்கிருந்துதான் வந்ததோ, அசைக்க முடியவில்லை. கீழேயிருந்து அப்பாவின் குரல் மறுபடி மறுபடி வந்தது. ஒவ்வொரு தடவையும் பிள்ளை இன்னும் இறுக்கிக்கொண்டாள்.

"அது அப்பாதான்டி. நான் பார்த்தேன். நீயும் வந்து பாரு."

தலையை ஆட்டினாள்.

"டேனா, கேளு. கொக்கிக்காரன்னு ஒருத்தன் இல்ல. அத்தை சொன்னது கட்டுக்கதை. நானேதான் கட்டுனேன்."

சொல்லி முடிப்பதற்குள்ளாகவே தான் என்ன செய்துவிட்டோம் என்று கிரினாவுக்குப் புரிந்துவிட்டது. டேனா அவளைப் பார்த்த பார்வை அப்படி. அதுவரைக்கும் அந்தப் பரணில் பிள்ளைக்கு ஒரு துணை இருந்தது. இப்போது அதுவும் இல்லை. தன் அத்தையின் முகத்தையும் உடுப்பையும் போட்டுக்கொண்டு எதிரே நிற்கிறதை விட்டு எங்கே ஓடுவது என்று கண்கள் தேடின. கிரினா அந்தக் கதையை அவ்வளவு நன்றாகச் சொல்லியிருந்தாள், ஒரு சந்து கூட விடவில்லை.

ஏணியில் இன்னொரு படி மறைந்தது. கீழே மரினூஸ் கெட்ட வார்த்தையில் கத்தினான், என்ன செய்துகொண்டிருக்கிறாய், கை மரத்துப்போகிறது, சீக்கிரம் வா என்று. பிள்ளையிடம் என்னத்தைச் சொல்லித் தொலைத்தாய் என்றும் கேட்டான். அவன் கேட்டுத்தான் சொன்னாள் என்பது அந்த நேரத்தில் அவனுக்கு ஞாபகமில்லை.

கிரினா பிள்ளையை விட்டு விலகினாள். கதவுக்குப் போனாள். என்ன செய்யப்போகிறாள் என்பது அவளுக்கே தெளிவாக இல்லை. நான் இறங்கி நிற்கிறேன், எனக்கு ஒன்றும் ஆகவில்லை என்று அவள் பார்க்கட்டும் என்ற அளவில்தான் ஒரு நினைப்பு இருந்தது. விளிம்பில் உட்கார்ந்து காலைக் கீழே விட்டாள். பிறந்ததிலிருந்து குளிக்கிற தொட்டியைத் தவிர எந்தத் தண்ணீரிலும் அவள் கால் வைத்ததில்லை.

குளிர் எலும்புக்குள் ஏறியது. பாவாடை விரிந்து மேலே மிதந்தது. காலுக்குக் கீழே கூரை இருந்தது, ஆனால் வழுக்கியது. கலங்கல் தண்ணீரில் தன் முழங்கால் கூட அவளுக்குத் தெரியவில்லை. ஏதோ ஒன்று, வேலியோ கயிறோ, கணுக்காலை உரசிக்கொண்டு போனது. கிரினா கத்திவிட்டாள். பிள்ளைக்கு முன்னால் தைரியமாக நிற்க வேண்டும் என்று வந்தவள், சுவரைப் பிடித்துக்கொண்டு தொடை நடுங்க, பல் கிட்டித்துப்போய், மூக்கிலும் கண்ணிலும் நீர் வழிய நின்றாள். ஓரடி எடுத்து வைக்க முடியவில்லை. "ஆண்டவரே, ஆண்டவரே" என்பதைத் தவிர வேறு எதுவும் வாயில் வரவில்லை. இப்படியே இங்கேயே செத்துப்போவோம் என்று நினைத்தாள். பிள்ளையும் நம்மைப் பார்த்துக்கொண்டே சாகும் என்று நினைத்தாள்.

அந்தக் கத்தலைக் கேட்டுத்தான் டேனா உத்திரத்தை விட்டிருக்க வேண்டும். கிரினா அண்ணாந்து பார்த்தபோது கதவு விளிம்பில் அந்தச் சின்ன முகம் தெரிந்தது. ரொம்ப நேரம் அத்தையின் கையையும் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தது.

"அத்தை, உனக்குப் பயமா இருக்கா?"

பொய் சொல்ல அவளுக்குத் தெம்பில்லை. "ரொம்ப," என்றாள். "ரொம்பப் பயமா இருக்குடி."

டேனா விளிம்புக்கு இன்னும் நெருங்கி வந்தாள்.

"கொக்கிக்காரனுக்குத் தண்ணின்னா பயம் கிடையாது," என்றாள். "அவன் வீடே அதுதானே. நீ பயப்படுற. நீ எங்க அத்தைதான்."

சொல்லிவிட்டு விளிம்பில் உட்கார்ந்து இரண்டு கையையும் நீட்டினாள். கிரினா அவளை முதுகில் வாங்கிக்கொண்டாள். கழுத்தைச் சுற்றி அந்தக் கைகள் வந்து இறுகின, ராத்திரிப் படுக்கையில் இறுகுகிற மாதிரியே. அதற்குப் பிறகு எப்படி நடந்தாள் என்று கேட்டால் அவளுக்குச் சொல்லத் தெரியாது. பயம் ஒரு துளி குறையவில்லை. சுவரைத் தடவித் தடவி, கூரையின் விளிம்பைக் காலால் தேடித் தேடி, கொஞ்சம் கொஞ்சமாக முனைக்கு வந்தாள். வெள்ளம் ஒரு பக்கமாகவே தள்ளிக்கொண்டிருந்தது. தண்ணீர் இடுப்புக்கு மேலே வந்துவிட்டிருந்தது.

மரினூஸ் ஒரு கையால் கிளையை வளைத்துப் பிடித்துக்கொண்டு மறு கையை நீட்டினான். எட்டினால் தொட்டுவிடலாம். டேனா கையைக் கொடுக்கவில்லை. கிரினாவின் முதுகில் ஒண்டிக்கொண்டு அவனைப் பார்த்தாள். அவன் தண்ணீரிலிருந்து வந்தவன். அவன் குரல் தண்ணீரிலிருந்து வந்த குரல்.

"நீ பயப்படுறியா?" என்று கேட்டாள்.

மரினூஸுக்கு அவள் ஏன் கேட்கிறாள் என்று புரியவில்லை. பிள்ளைக்குத் தைரியம் சொல்ல வேண்டும் என்றுதான் நினைத்தான். வாயைத் திறந்தான், எப்போதும் வருகிறதுதான் வந்தது. சிரிக்கக்கூடச் செய்தான்.

"அப்பாவுக்கு என்னடா பயம்? அப்பா எதுக்கும்..."

டேனா அலறிக்கொண்டு பின்னால் சாய்ந்தாள். அவள் கை கிரினாவின் தொண்டையை நெரித்தது. கால் வழுக்கியது, கூரையில் ஒரு பலகை பெயர்ந்து கீழே போனது, தண்ணீர் கிரினாவின் மோவாய்க்கு வந்துவிட்டது. கொட்டகை மரம் ஒன்றை எட்டிப் பிடித்து ஒரு வழியாக நிமிர்ந்தாள். வாயில் புகுந்த உப்புத் தண்ணீரைத் துப்பினாள். அவன் மறுபடி சிரிக்கப் பார்ப்பது தெரிந்தது. வாழ்நாளில் முதல் தடவையாகத் தம்பியை அதட்டினாள்.

"மரினூஸ், உள்ளதைச் சொல்லு. அவகிட்ட உள்ளதைச் சொல்லு."

மரினூஸின் முகத்தில் சிரிப்பு கொஞ்ச நேரம் அப்படியே நின்றது. பிறகு அது நழுவிப் போயிற்று, உதடு கோணியது. அவன் அழுது கிரினா பார்த்ததே இல்லை, அவன் மனைவி செத்த அன்றைக்குக் கூட.

"பயமா இருக்கு, டேனா," என்றான். "நேத்து அத்தை சொன்னப்ப சிரிச்சேன்ல, அப்பவே எனக்குப் பயம்தான். நானும் அந்த முயலையெல்லாம் பார்த்தேன். பயந்துட்டேன்னு தெரிஞ்சுடப்போகுதேன்னுதான் சிரிச்சேன். ராத்திரி பூரா பயம். இப்பக் கை விட்டுப்போயிடுமோன்னு பயமா இருக்கு. பாரு, எப்படி நடுங்குதுன்னு பாரு."

டேனா அவன் கையைப் பார்த்தாள். கிளையைப் பிடித்திருந்த கையையும் பார்த்தாள், நீட்டியிருந்த கையையும் பார்த்தாள். இரண்டும் நடுங்கின.

அத்தையின் கழுத்திலிருந்து ஒரு கையை எடுத்து அவனிடம் நீட்டினாள்.